அருப்புக்கோட்டையில் என் போஸ்டர்

மெட்ராஸில் நான் நடித்த படங்களைக் காலைக் காட்சிக்கு மட்டும்தான் போடுவார்கள். கதை எதுவானாலும் எனக்கு வேலை ஒன்றுதான்: அருவியிலோ குளத்திலோ குளிக்க வேண்டும், பேயோ கொலைகாரனோ வந்ததும் அலற வேண்டும். பத்துப் பன்னிரண்டு நாளில் ஒரு படத்தை முடித்துவிடுவார்கள். மல்லாங்கிணற்றில் இருந்த அம்மாவிடம், பெரிய நடிகைகளுக்குக் குரல் கொடுப்பதாகச் சொல்லி வைத்திருந்தேன். ஐந்து வருடம் அந்தப் பொய் தாங்கியது.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் தங்கச்சிக்கு அருப்புக்கோட்டையில் மாப்பிள்ளை அமைந்தது. பாத்திரக்கடைக்காரர் குடும்பம். ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவர்கள். ஊருக்கு வந்து, நிச்சயத்துக்குச் சேலை எடுக்க அம்மாவோடு அங்கே போய் இறங்கினேன். பஸ் ஸ்டாண்டுச் சுவரில் ஈரச் சேலையோடு நான் நின்றிருந்தேன். கதாநாயகனைவிடப் பெரிதாக என்னைப் போட்டிருந்தார்கள்.

அம்மா போஸ்டரையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"ஏட்டி, குரலு மட்டுந்தான் குடுக்கேன்னு சொன்ன?"

"இல்லம்மா. நடிக்கவுஞ் செய்றேன். இப்படித்தான்."

அவள் திட்டவில்லை. கடையில் அதிகம் புரட்டாமல் அரக்கு நிறத்தில் ஒரு சேலை எடுத்தாள். திரும்பி வரும்போது பாதி வழியில்தான் வாயைத் திறந்தாள். "ஞாயித்துக்கெழம மாப்பிள்ள வீட்டுக்காரவுக வந்ததும் நானே சொல்லிருதேன். கல்யாணத்துக்குப் பெறவு தெரிஞ்சா சின்னவதான் பேச்சு வாங்கணும்."

அந்த ஞாயிற்றுக்கிழமை மாப்பிள்ளையின் அம்மாவும் அப்பாவும் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். நான் அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை. ஜெபம் முடிந்து காப்பி கொடுத்ததும் அம்மா ஆரம்பித்தாள்.

"மதினி, ஒரு விசயம். எம் மூத்த மக சினிமாவுல நடிக்கா. நல்ல படமில்ல. போஸ்டரு உங்க ஊருலயே ஒட்டிருக்கு."

மாப்பிள்ளையின் அம்மா குரல் கேட்டது.

"அது எங்களுக்குத் தெரியும் மதினி. போன வாரம் இவுக கடைய அடைச்சிட்டுப் போயி அந்தப் படத்தப் பாத்துட்டு வந்திருக்காக. நீங்க குடுத்த குடும்பப் போட்டோவுல இருக்க மூத்த பிள்ளதான்னு அங்கயே தெரிஞ்சிருக்கு. எங்கிட்டச் சொன்னா, தான் போனதையும் சொல்லணும்ல? மூணு நாளு முழுங்கிக்கிட்டே திரிஞ்சாக. நாந்தான் நோண்டி நோண்டிக் கேட்டேன்."

கதவிடுக்கில் பார்த்தேன். மாப்பிள்ளையின் அப்பா டம்ளரை விட்டுத் தலையை நிமிர்த்தவே இல்லை.

"இடைவேளையிலயே எந்திரிச்சு வந்துட்டேன்," என்றார்.

முதலில் சிரித்தது தங்கச்சி. அப்புறம் அம்மா. அப்படி அவள் வாய்விட்டுச் சிரித்து நான் கேட்டு வருடக்கணக்காகியிருந்தது.

"மூத்தவள வெளிய வரச் சொல்லுங்க மதினி," என்றார் மாப்பிள்ளையின் அம்மா. "நிச்சயத்தன்னைக்கும் முன்னால நிக்கட்டும். ஒளிச்சு வச்சாத்தான் ஊரு பேசும்."

வெளியே வந்து கும்பிட்டேன். அழுகை வரும் என்று நினைத்தேன், வந்தது பசிதான். மத்தியானம் மூன்று தடவை சோறு வாங்கிச் சாப்பிட்டேன்.

கல்யாணம் முடிந்து மெட்ராஸ் திரும்பி இன்னும் நாலு படம் நடித்தேன். பிறகு வாய்ப்பு வரவில்லை. நானும் தேடிப் போகவில்லை. அந்த நாலு படத்தின் பேரையும் வீட்டில் சொல்லிவிட்டுத்தான் நடித்தேன்.