முக்காநடையார் வீட்டுக் காலடி

முக்காநடையார் என்கிற பெயர் முதன்முதலில் காதில் விழுந்தது ஒரு கல்யாண வீட்டில். மாப்பிள்ளையின் புது ஷூ குதிகாலைக் கடித்து, மனிதர் கொக்கு மாதிரி ஒற்றைக் காலில் நிற்கிறார். பெண்ணின் தாய்மாமன், அதாவது நம் பெரிய அத்தையின் மூத்த மருமகன், "முக்காநடையார்கிட்ட கழட்டிக் குடுங்கப்பா, அவரு ரெண்டு தட்டுத் தட்டினா கல்லு ஷூகூடப் பஞ்சாயிடும்" என்றார். பெயரைக் கேட்டுச் சபை சிரித்தது. அது எப்படி வந்தது என்று அங்கே யாருக்கும் தெரியாது.

பிறவியில் அவர் காலில் ஒரு குறையும் இல்லை. சந்து முனையில் கீழே ஷூ தைக்கிற கடை, மேலே பலகைத் தரை போட்ட வீடு. தோல் மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு படியேறினால் வீடே அதிரும்.

குறை இருந்தது மனைவிக்கு. சின்ன வயதில் விழுந்து, இடது கால் இரண்டு விரற்கடை குட்டையாகிப் போனது. அவள் பிறந்த ஊரில் பிள்ளைகள் பின்னாலேயே நொண்டிக் காட்டிக்கொண்டு வருவார்களாம். அவள் குடும்பம் இங்கே குடிவந்த பிறகுதான், இவர் அவள் ஷூவுக்கு உள்ளே தக்கை வைத்துத் தைத்துக் கொடுத்தார். வெளியே பார்த்தால் இரண்டும் ஒரே அச்சு. அவள் நேராக நடந்தாள். கல்யாணம் பேசியபோது ஒன்றே ஒன்று கேட்டாள்.

"இது நம்ம ரெண்டு பேரோட இருக்கட்டும். பொறக்கிற பிள்ளைக்குக்கூடத் தெரியக் கூடாது."

"தெரியாது" என்றார்.

வீட்டுக்குள் நடக்கவும் தக்கை வைத்த துணி ஷூ தைத்துக் கொடுத்தார். மகள் வளர்ந்து, "அம்மாவுக்குத் தூங்கறப்பவும் ஷூ வேணும். உங்க கடைக்கு நல்ல விளம்பரம்பா" என்று கேலி செய்வாள். அம்மாவும் சேர்ந்து சிரிப்பாள்.

அவர் யோசிக்காமல் விட்டது சாவை. இந்த ஊரில் இறந்தவரை வெறுங்காலோடுதான் புதைப்பார்கள். புதைத்துவிட்டு வந்து கைகழுவி உட்காரும்போது, போனவரின் காலடி வீட்டுக்குள் நடக்கத் தொடங்கும். ஆள் தெரியாது, சத்தம் மட்டும். அதற்கு யாரும் பயப்படுவதில்லை. உட்கார்த்தும் பாட்டைப் பாடினால் நின்றுவிடும். பாடுகிறவர் அந்தக் காலடியோடு சேர்ந்து, அதே நடையில், அறை அறையாக நடக்க வேண்டும். நடை பொருந்தாவிட்டால் பாட்டு ஏறாது. பாட்டு முடிந்துவிட்டால் மறுபடி பாடவும் முடியாது. தோல் மண்டிக்காரரின் அப்பா அப்படித்தான் இன்றுவரை நடந்துகொண்டே இருக்கிறார். அந்த வீட்டுக்கு வாடகைக்குக்கூட ஆள் வருவதில்லை.

மனைவியைப் புதைத்துவிட்டு வந்த அன்று, உறவெல்லாம் கீழே கடையில் உட்கார்ந்திருந்தது. அவர் சட்டை மாற்ற மாடிக்குப் போனார். அடுப்படிப் பக்கம் சத்தம் எழுந்தது. ஒரு கால் அழுத்தமாக, ஒரு கால் இழுத்தாற்போல.

கீழேயிருந்து மகள் கூப்பிட்டாள். "அப்பா, மேல யாரு நொண்டி நொண்டி நடக்கறது?"

ஒரு மூச்சு நேரம்தான். அந்தச் சத்தத்தோடு சேர்ந்து அவரும் இடது காலை இழுத்து இழுத்து நடந்தார்.

"நான்தாம்மா. படியில கால் மடங்கிடுச்சு."

பாட வந்தவர் ரொட்டிக்காரம்மா. மாவு படிந்த முந்தானையை உதறிச் செருகிக்கொண்டு மேலே வந்தார். போனவள் சுறுசுறுப்பாக, நேராக நடந்தவள் என்றுதானே ஊருக்கே தெரியும்? அப்படியே அடியெடுத்து வைத்துத் தொடங்கினார்.

"அடுப்படி நடந்தாச்சு, அனலெல்லாம் ஆறியாச்சு,
இன்னும் எதுக்கம்மா நடை, உக்காரம்மா உக்காரு..."

காலடி பிடிகொடுக்காமல் விலகிப் போனது. ரொட்டிக்காரம்மாவின் குரல் தடுமாறியது. படிக்கட்டில் நின்ற கூட்டம் முகத்தை முகம் பார்த்தது. இவள் காலம் முழுக்க இப்படியே நடக்கப்போகிறாளா? உண்மையைச் சொன்னால் ஒரு நொடியில் தீரும். அவர் நொண்டிக்கொண்டே போய் ரொட்டிக்காரம்மாவின் கையைப் பிடித்தார்.

"என்னால தனியா நிக்க முடியலம்மா. என்கூட மெதுவா வாங்க."

நொண்டுகிற மனிதர் கையைப் பிடித்தால் கூட நடக்கிறவரும் நொண்டத்தானே வேண்டும்? அழுத்தம், இழுவை, அழுத்தம், இழுவை. மூன்று காலடியும் ஒன்றாக விழுந்தன. அவளுடையது எது, இவருடையது எது என்று வெளியே நின்றவர்களுக்குப் பிரிக்கத் தெரியவில்லை.

"ஜன்னல்வரை நடந்தாச்சு, சாயங்காலம் பாத்தாச்சு,
பாதம் ரெண்டும் எறக்கி வையி, உக்காரம்மா உக்காரு..."

வாசற்படி வந்தது. காலடி நின்றது. அவர் மட்டும் இன்னும் இரண்டு எட்டு நொண்டினார்.

அதன் பிறகு நிறுத்தவே இல்லை. கால் சட்டென்று குணமானால் மகள் யோசிக்க மாட்டாளா? எலும்பு வைத்தியர் தடவிப் பார்த்து, "எலும்பு கல்லு மாதிரி இருக்கே" என்றதற்கு, "கல்லுன்னா கனக்காதா?" என்றார். ஷூவின் அடித்தோல் தேய்வதுகூடக் காட்டிக் கொடுக்கக் கூடாது என்று ஒரு பக்கமாக அரத்தால் ராவி வைத்தார். சந்துப் பிள்ளைகள் முக்காநடையார் என்று பெயர் வைத்தார்கள். பின்னாலேயே நொண்டிக் காட்டிக்கொண்டு வந்தார்கள். அவர் திரும்பியே பார்க்கவில்லை.

வயதாகி அவரும் போனார். புதைத்துவிட்டு வந்து உட்கார்ந்தார்கள். மேலே காலடி எழுந்தது, நேராக, அழுத்தமாக, பலகை அதிர.

"இது முக்காநடையாரே இல்லையே" என்றார் யாரோ.

மகள் எழுந்தாள், உட்கார்ந்தாள். ரொட்டிக்காரம்மாவின் முகத்தைப் பார்த்தாள்.

"அப்ப அன்னைக்கு இங்க நொண்டினது...?"

"அவர் கையப் புடிச்சுக்கிட்டு நடந்தவ நான். எந்தப் பலகை எந்தக் காலுக்கு முனகுச்சுன்னு எனக்குத் தெரியாதா?"

"ஏன் அத்தை எங்கிட்ட சொல்லல?"

"அவங்க ரெண்டு பேருமே சொல்லல. நான் யாருடி சொல்றதுக்கு?" ரொட்டிக்காரம்மா முட்டியைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். "வா, கையக் குடு. பாவம் மனுஷன், இத்தன வருஷம் கழிச்சு இன்னைக்குத்தான் கால நேரா வைக்கிறாரு. கொஞ்சம் நடக்கட்டும், அப்புறம் பாடலாம்."

வெயில் சாய்கிறவரை நடக்க விட்டார்கள். பிறகு பாடினார்கள். வாசற்படியில் காலடி நின்றது.

முக்காநடையார் இப்போது ஊருக்கு மேற்கே, மேட்டில், மனைவிக்குப் பக்கத்தில் இருக்கிறார்.