கூப்பாட்டுக் கரடு

வேல்விழிக்கு வாய் சும்மா இருக்காது. சாத்தான்குளத்துப் பக்கத்திலிருந்து ஒரகடத்துக்கு வேலைக்கு வந்த இரண்டாம் நாளே, கம்பெனி பஸ்ஸில் கதை சொல்ல ஆரம்பித்துவிட்டாள். மணிமங்கலத்தில் ஏறினால் ஒரகடம் வரைக்கும் கதைதான். பெண்கள் தூங்குவதை விட்டார்கள். டிரைவர் கன்னியப்பன் பாட்டு கேசட்டையே நிறுத்திவிட்டார்.

கதை நடக்கிற நாட்டில் சூரியன் மேற்கே உதிக்கும், ஆறு மேட்டைப் பார்த்து ஏறும். அந்த நாட்டின் நடுவில் கூப்பாட்டுக் கரடு என்று ஒரு பாறைக்குன்று. புல் முளைக்காது, காக்கா உட்காராது. அதைத் தாண்டுகிறவர்களைப் பின்னாலிருந்து யாரோ பேர் சொல்லிக் கூப்பிடுவார்கள். அப்பா குரலில் கூப்பிடும், தங்கச்சி குரலில் கூப்பிடும், யாரை நினைத்து ஏங்குகிறோமோ அவர் குரலில் கூப்பிடும். திரும்பிப் பார்த்தால் தீர்ந்தது, அந்த இடத்திலேயே கல். கரடு முழுக்கக் கழுத்தைத் திருப்பியபடி கற்கள் நிற்கும். கூப்பிடுவது யாரென்று பார்த்துவிட்டு வந்து சொன்னவர் கிடையாது. தம்பிக்கு மருந்து வாங்க மின்னாள் என்ற பெண் அதில் ஏறிக்கொண்டிருந்தாள். மூன்று மாதமாக ஏறிக்கொண்டேதான் இருந்தாள்.

இதோடு நின்றிருந்தால் வம்பில்லை. சேர்ந்து தங்கியிருந்த ரூமில் பெண்கள் அதை விளையாட்டாக்கிவிட்டார்கள். பின்னாலிருந்து யாராவது கூப்பிட்டு நீ திரும்பினால் நீ கல், அன்றைக்குப் பாத்திரம் முழுக்க நீதான் துலக்க வேண்டும். பாத்திரத்துக்குப் பயந்து எல்லோரும் கழுத்தை இரும்பாக்கிக்கொண்டார்கள். குரல் மாற்றிக் கூப்பிடுவதிலும் ஆளாளுக்குக் கெட்டிக்காரிகள் ஆனார்கள். சூப்பர்வைசர் சக்ரபாணியின் குரலை எடுக்காதவள் பாவி.

சக்ரபாணி ஸ்ரீபெரும்புதூர்க்காரர், கோயிலில் பாசுரம் சேவிக்கிற குடும்பம். அதிர்ந்து ஒரு வார்த்தை வராது. கம்பெனியில் காருக்கு வயர் கட்டுகிற லைனில், ஒரு வியாழக்கிழமை, வேல்விழியின் ஊர்ப்பக்கத்துக்காரி கனகலட்சுமி சிவப்பு வயரை மாற்றிச் சொருகுவதைப் பின்னாலிருந்து பார்த்துவிட்டார்.

"கனகலட்சுமிம்மா... கொஞ்சம் திரும்பும்மா" என்றார், பிரசாதத்துக்குக் கூப்பிடுகிற மாதிரி.

எவளோ விளையாடுகிறாள் என்று கனகலட்சுமி சிரித்துக்கொண்டே அடுத்த வயரைச் சொருகினாள். மறுபடியும் கூப்பிட்டார். லைனே திரும்பவில்லை. அவர் லைனைச் சுற்றிக்கொண்டு முன்னால் வந்து சேர்வதற்குள் வயர் கட்டிய நாலைந்து போர்டு தப்பாகப் போய் மற்றதோடு கலந்துவிட்டது. அத்தனையையும் அவிழ்த்துக் கட்டியதில் லாரி அன்றைக்குக் கிளம்பவே இல்லை.

விசாரித்தால் எல்லா விரலும் வேல்விழியைக் காட்டின. அவளோ டிரெய்னி, நிரந்தரமாக்குகிற நேரம். கதை சொல்லி வேலையைக் கெடுத்தவளை வீட்டுக்கு அனுப்பு என்று மேனேஜர் குதித்தார். சக்ரபாணிதான் திங்கட்கிழமை வரை தவணை கேட்டு வாங்கினார்.

"நீதானே அவா மனசுல போட்டே, நீயே எடுத்துடு. திங்கக்கிழமை நான் கூப்பிட்டா எல்லாரும் திரும்பணும். இல்லேன்னா என்னால ஒண்ணும் பண்ண முடியாதும்மா."

வேல்விழி ஊரை நினைத்தாள். ஊருக்குத் திரும்பிப் போய் எந்த முகத்தை வைத்துக்கொண்டு நிற்பது? வெள்ளிக்கிழமை பஸ்ஸில், ஒரு முனிவர் வந்து கரட்டின் சாபத்தை நீக்கிவிட்டதாகச் சொல்லிப் பார்த்தாள்.

பஸ் கொதித்தது. "நேத்து வரைக்கும் கல்லுன்னே, இன்னைக்கு இல்லன்னா எப்படிட்டி?" என்றாள் கனகலட்சுமி.

"சும்மா கப்ஸா வுடாதமா," என்றார் கன்னியப்பன். "முனிவரு எங்கேந்து வந்தாரு? நம்ம பஸ்ல ஏறவே இல்லியே!"

சொன்ன கதையை மாற்றுவது கொடுத்த வாக்கை மாற்றுவது மாதிரி. வேல்விழிக்கே வெட்கமாகிவிட்டது. ராத்திரி முழுக்க யோசித்தும் ஒன்றும் தோன்றவில்லை.

சனிக்கிழமை படப்பை தாண்டியதும் ஒருவன் சைக்கிளைக் குறுக்கே விட்டான். கன்னியப்பன் பிரேக்கை மிதித்துத் தலையை வெளியே நீட்டினார். "யோவ்! வூட்ல சொல்லிகினு வந்தியா?" சைக்கிள்காரன் சட்டென்று திரும்பினான்.

வேல்விழி எழுந்து நின்றுவிட்டாள்.

"கேளுங்கட்டி! மின்னாள் உச்சிக்குப் போயிட்டா. பின்னாடி அம்மா குரல். 'கண்ணே, மின்னாளே'ங்கு. திரும்பல. 'தங்கமே'ங்கு. திரும்பல. பொறவு இன்னொரு குரல், 'ஏ மூதி! செருப்புகூட இல்லாம எங்கட்டி போற?' மின்னாள் டக்குன்னு திரும்பிட்டா!"

"ஐயோ, கல்லா?"

"இல்ல. அம்மாவே நிக்கா, செருப்பைக் கையில வச்சுக்கிட்டு. கரட்டுக்கு எல்லாக் குரலும் வரும், வைய மட்டும் வராது. நம்ம மேல உரிமை உள்ளவங்களாலதான வைய முடியும்?"

கனகலட்சுமி மெல்லச் சொன்னாள்: "எங்கம்மா வையாம என்னக் கூப்பிட்டதே இல்ல."

கதை பிழைத்தது, ஆனால் கண்டம் தீரவில்லை. இனி திட்டிக் கூப்பிட்டால்தான் திரும்புவார்கள் என்று வேல்விழி சொன்னதும் சக்ரபாணி கையைப் பிசைந்தார்.

"எனக்குத் திட்டவே வராதேம்மா. உங்க ஊர்ல எப்படித் திட்டுவா?"

வேல்விழி சொல்லிக் கொடுத்தாள். அவர் வாய்க்குள் சொல்லிப் பார்த்து, "பெருமாளே" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

திங்கட்கிழமை மேனேஜர் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். லைன் ஓடியது. சக்ரபாணி பின்னால் வந்து தொண்டையைச் செருமினார். மூச்சை இழுத்தார், விட்டார்.

"ஏ... ஏ மூதி! கனகலட்சுமி! அங்க என்னட்டி பராக்கு?"

மொத்த லைனும் திரும்பியது. பக்கத்து லைனும் திரும்பியது. எல்லா முகத்திலும் சிரிப்பு. மேனேஜர் கட்டிய கையை அவிழ்த்துவிட்டுத் தன் அறைக்குப் போனார். வேல்விழிக்கு அப்போதுதான் மூச்சு வந்தது, வேலை தங்கிவிட்டது.

கனகலட்சுமிக்கு மட்டும் கண் நிறைந்திருந்தது. சக்ரபாணி பதறிவிட்டார்.

"ரொம்பத் திட்டிட்டேனாம்மா?"

அவள் புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"ஊர விட்டு வந்து ஆறு மாசமாச்சு சார். இன்னொரு தடவ வைங்க."