ஏலாது என்றொரு பல்லவி

பொப் பாட்டுகளுக்கு வயலின் எழுதுவது என் தொழில். அரேஞ்சர் என்பார்கள். யாராவது நாலு சுரத்தை முணுமுணுத்து அனுப்புவார். வயலின், செல்லோ, ட்ரம்பெட் எல்லாம் சேர்த்து அதை ஒரு பாட்டாக்கிக் கொடுப்பேன். இடைக்கிடை என் சொந்த மெட்டும் விலைபோகும். லண்டனில் இந்த வேலையிலேயே தலை நரைத்துவிட்டது. இப்போது ரேடியோவில் பாட்டுத் தொடங்கினாலே எழும்பிப்போய் நிறுத்திவிடுகிறேன். எல்லாம் ஒரு கோதாரி பிடித்த பாட்டால் வந்தது.

அம்மாவுக்கு முழங்கால் ஆபரேஷன் முடிந்திருந்தது. மோர்டனில் அவர் வீட்டிலேயே தங்கிப் பார்த்துக்கொண்டேன். ஒரு பாடகிக்கு உடனே மெட்டு வேண்டும் என்று தயாரிப்பாளர் என் உயிரை எடுத்தார். குசினியில், அடுப்புக்குப் பக்கத்து மேசையில் போனை வைத்து, வாயால் பாடிப் பதிந்து அனுப்பினேன். அந்த நேரம் அம்மா மாடிப்படி ஏறப் பார்த்திருக்கிறார். "ஐயோ, ஏலாது... ஏலாதடா தம்பி" என்று அவர் அழுததும் மெட்டோடு சேர்ந்து போய்விட்டது. நான் போனை விட்டுவிட்டு அவரைப் பிடிக்க ஓடினேன். கரட்டுப் பதிவுதானே, மெட்டை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை எறிந்துவிடுவார்கள். அதுதான் வழக்கம்.

அடுத்த கிழமை ஸ்டூடியோவில் தயாரிப்பாளர் பெரிய ஸ்பீக்கரில் பாட்டைப் போட்டார். என் மெட்டைக் காணோம். அம்மாவின் குரல் மட்டும் இருந்தது. ஏலாது, ஏலாது, ஏலாது. வெட்டி ஒட்டி, வேகம் கூட்டி, கீழே டிரம்ஸ் இடிக்க, ஆடுவதற்குத் தோதாகச் செய்து வைத்திருந்தார்கள். பாடகி கண்ணை மூடி இடுப்பை வளைத்துக்கொண்டிருந்தாள். சீ!

"இது என் அம்மா. நோவில் அழுகிறார்" என்றேன்.

"அப்படியா? நாங்கள் ஏதோ மந்திரம் என்று நினைத்தோம்" என்றார் தயாரிப்பாளர். "இன்னும் நல்லது. அதுதான் இவ்வளவு உண்மையாக இருக்கிறது."

மந்திரமாம்! "முடியாது என்று அர்த்தம். அதைத் தூக்கு" என்று கத்தினேன். ஆள் யாரென்று யாருக்குத் தெரியப்போகிறது என்று சிரித்தார். எனக்குத் தெரியுமடா, மடையா. அம்மாவுக்கும் தெரியும். தன் அழுகையை மகனே விற்றுவிட்டான் என்று அவர் நினைத்தால், பிறகு எந்த முகத்தோடு அந்த வீட்டுக்குள் போவேன்? குரலை எடுக்காவிட்டால் சட்டத்தரணியோடு வருகிறேன் என்று சொல்லிவிட்டு வெளியே வந்தேன்.

எடுத்தார்கள். எடுத்துவிட்டு, பாடகிக்கு அம்மாவின் பதிவைக் கேட்கக் கொடுத்து அப்படியே பாடவைத்தார்கள். இழுப்பு, மூச்சு வாங்கல், கடைசியில் குரல் உடைவது, ஒன்றையும் அவள் விடவில்லை. சட்டத்தரணியைக் கேட்டேன். முனகலுக்கெல்லாம் உரிமை கிடையாதாம்.

பாட்டு பிய்த்துக்கொண்டு போனது. 'ஈலாடு' என்றால் ஏதோ பழைய மொழியில் விடுதலை என்று பாடகி பேட்டி கொடுத்தாள். நோர்தேர்ன் லைன் ரயிலில் பக்கத்தில் இருந்த பெண் அதை முணுமுணுக்க, இடையிலேயே இறங்கிவிட்டேன். வெள்ளைக்காரரை விடுங்கள். கோலியர்ஸ் வுட்டில் ஒரு கல்யாண வீட்டில் எங்கள் சனமே அதற்கு ஆடியது. "அண்ணை, எங்கட சொல்லு ரேடியோவிலை வந்திட்டுது, என்ன பெருமை!" என்று ஒருவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். ஏலாது என்று அழாத வீடு எங்களுக்குள் எது? அது இவருக்குப் பெருமையாம். தூ!

அம்மாவின் காதில் மட்டும் விழாமல் பார்த்துக்கொண்டேன். போன கிழமை அவரை ஆஸ்பத்திரிக்கு டாக்ஸியில் கூட்டிப்போனேன். டிரைவரின் ரேடியோவில் அது தொடங்கியது. நிறுத்தச் சொல்லி நான் வாய் திறப்பதற்குள் அம்மா என் கையைப் பிடித்தார்.

"பொறு, கேப்பம்."

அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் தலையைச் சாய்த்து, பாட்டு முடியும்வரை கேட்டார். அவர் கண் கலங்கியிருந்தது.

"ஆர் பெத்த பிள்ளையோ, பாவம்" என்றார். "ஏலாது ஏலாதெண்டு இந்தக் கத்துக் கத்துது. ஓடிவந்து பிடிக்க ஒருத்தரும் இல்லையே அங்கை?"