மியாத்தா அங்கிளின் மழை அறை

கிள்ளான் மண்டபத்தின் சமையற்கட்டில் ஒரு கல்யாணத்துக்காக ரசம் தாளித்துக்கொண்டிருந்தேன். பிரிக்பீல்ட்ஸ் பூக்கடை அம்சா போன் செய்தாள். "அக்கா, ஜப்பான் அங்கிள் போயிட்டாரு. தூக்கத்துலயே." அடுப்பை அணைத்துவிட்டு அரிசி மூட்டைமேல் உட்கார்ந்து அழுதேன். கண்ணைத் துடைத்து முடிப்பதற்குள் மண்டபக் குழுவின் வாட்ஸ்அப் வந்துவிட்டது. ஆழ்ந்த இரங்கல், வரிசையாகக் கும்பிடும் கைகள், கீழே ஓர் அறிவிப்பு. அன்னாரின் நினைவாக மண்டபத்தின் நடுவிலுள்ள திறந்தவெளிக்குக் கூரை போட்டு, ஏர்கோன் வைத்துக் குளிரூட்டி, 'மியாத்தா ஹால்' என்று பெயர் சூட்டப்படுமாம்.

என் அழுகை நின்றுவிட்டது. வயிறு எரிந்தது. அந்த எரிச்சலோடுதான் இதை எழுதுகிறேன். அந்த மண்டபத்தில் கல்யாணம் செய்தவர்களும் சாப்பிட்டவர்களும் படிக்கட்டும்.

அவரைத் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். மியாத்தா ஒசாகாவில் சிமெண்டு லோரி ஓட்டியவர். கல்லூரிப் பக்கமே போனதில்லை. சரக்கு இறக்கப் போன இடங்களில் கட்டடம் எழும்புவதைப் பார்த்துப் பார்த்து, பழைய புத்தகங்களை வாங்கி வரையப் பழகி, தானே படித்து அந்த ஊர்த் தேர்வில் தேறினார். அங்கே வீடுகளும் ஒரு பள்ளியும் கட்டியிருக்கிறார். மனைவி இறந்த பிறகு இந்த நாட்டுக்கு வந்து அம்சாவின் பூக்கடை மாடியில் குடியேறினார். பூக்கடையில் உட்கார்ந்தே தமிழும் மலாயும் கலந்து பேசக் கற்றுக்கொண்டார். அடக்கமான மனிதர் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். கர்வி, முன்கோபி. தொப்பியை எடுத்துத் தலையில் வைத்தால் பேச்சு முடிந்தது என்று பொருள்.

மண்டபத்துக்கு வரைபடம் போட அவரைக் கூட்டி வந்த அன்று, குழுவில் மூத்தவரான முனியாண்டி ஐயா எழுந்துவிட்டார். "சண்டைக் காலத்துல ஜப்பான்காரங்க எங்கப்பாவ சயாம் ரயில் போட இழுத்துட்டுப் போனாங்க. திரும்பி வரவே இல்ல. அவங்க ஆளு வந்துதான் நமக்கு மண்டபம் கட்டணுமா?" என்றார். மியாத்தா தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு, இடுப்பு வளையக் குனிந்து, வெகுநேரம் நிமிரவில்லை. "ஐயா கோபம் சரி. போகச் சொன்னா போறேன்," என்றார். முனியாண்டி ஐயா போகச் சொல்லவில்லை. ஆனால் வேலை முடியும்வரை அவரோடு ஒரு வார்த்தையும் பேசவில்லை.

வரைவதற்கு முன் நம்முடைய கல்யாணங்களைப் பார்க்க வேண்டும் என்று அடம்பிடித்தார். நான் சமைக்கிற கல்யாணங்களுக்கெல்லாம் கொமுட்டர் ரயில் ஏறி வந்துவிடுவார். ஒருமுறை அவரை முதல் பந்தியில் உட்கார வைத்தேன். நம் வழக்கம் உங்களுக்குத் தெரியாததா? சாம்பார் சோறு முடிவதற்குள் அவர் நாற்காலிக்குப் பின்னால் ஒரு குடும்பமே வந்து நின்றுவிட்டது. ஓர் அம்மா நாற்காலி முதுகைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். இன்னொருவர் கைப்பையை அவர் தோளுக்கு மேலாக நீட்டி மேசையில் இடம் போட்டார். மனிதர் பாயசத்தைத் தொடாமலே எழுந்துவிட்டார். பிறகு சமையற்கட்டுக்கு வந்து, "சரசு-சான், சாப்பாடு நல்லா. வாய் சாப்பிட்டுச்சு. முதுகு சாப்பிடல," என்றார். 'சான்' என்பது அவர்கள் ஊர் மரியாதை. எத்தனையோ காலமாகப் பந்தி நடத்துகிறேன். அந்த முதுகைப் பற்றி நான் நினைத்ததே இல்லை.

அதிலிருந்து வந்ததுதான் மழை அறை. மணமேடைக்கும் சாப்பாட்டுக் கூடத்துக்கும் நடுவே வானம் பார்த்த ஒரு வெளி. சுற்றிலும் அகலமான தாழ்வாரம், நான்கு பக்கமும் நீளமான கல் இருக்கை. அடுத்த பந்திக்குக் காத்திருப்பவர்கள் அங்கே உட்காரலாம். கூடத்தின் வாசல் கண்ணெதிரே இருக்கும். இடம் போய்விடுமே என்ற பதற்றம் இருக்காது. குழு சும்மா விடுமா? "இவ்ளோ இடம் வேஸ்ட்டு லா அங்கிள், நெறைய மேசை போடலாம்," என்றார் தலைவர். "மழையும் கல்யாணத்துக்கு வரும். அது எங்க உட்காரும்?" என்று கேட்டுத் தொப்பியை எடுத்தார் மியாத்தா. தலைவர் ஓடிப்போய்ச் சமாதானம் செய்து கூட்டி வந்தார்.

திறப்பு விழா அன்று எனக்கு வந்த கோபம் இன்றும் ஆறவில்லை. கல்வெட்டில் பிரமுகர் பெயர், தலைவர் பெயர், வரைபடத்தில் கையெழுத்து மட்டும் போட்ட உள்ளூர்க் கட்டடக் கலைஞரின் பெயர் எல்லாம் இருந்தன. இவர் பெயர் இல்லை. இங்கே அவருக்குப் பதிவு இல்லை, அதனால் சட்டப்படி அவர் கட்டடக் கலைஞர் இல்லை என்று விளக்கம் சொன்னார்கள். நன்றி சொல்லவும் பதிவு வேண்டுமா? நான் சண்டைக்குப் போனேன். மியாத்தா என் கையைப் பிடித்துத் தடுத்துவிட்டு, தலைவரிடம் ஒன்றே ஒன்று சொன்னார். "கல்லுல பேரு வேணாம். கூரை மட்டும் போடாதீங்க. அது போதும்." தலைவர் தலையாட்டினார். பக்கத்தில்தான் நின்றேன், பார்த்தேன்.

கேட்டது ஒன்றுதான். கேட்காத பெயரைக் கொடுத்துவிட்டு, கேட்ட ஒன்றைப் பிடுங்குகிறார்கள். இதற்கு அஞ்சலி என்று பெயர்.

போன வாரம் இரங்கல் கூட்டம். மாலை போட்ட படம், ரோஜாப்பூ, "நம் நெஞ்சங்களில் வாழ்கிறார்" என்ற பேச்சு. நான் எழுந்து அவர் கேட்டுக்கொண்டதைச் சொன்னேன். "அக்கா, காலம் மாறிப் போச்சு. வர்றவங்க ஏர்கோன் கேக்கறாங்க. அவரு பேரத்தானே வைக்கிறோம், தப்பா?" என்றார் தலைவர். பாதிப்பேர் கை தட்டினார்கள்.

முனியாண்டி ஐயா கைத்தடியை ஊன்றி மெல்ல எழுந்தார். என்னோடு சண்டைக்குத்தான் வருகிறார் என்று நினைத்தேன். "எம்மக கல்யாணத்துல அந்தக் கல்லு மேல உக்காந்துதான் மழையப் பார்த்தேன். எங்கப்பன நெனச்சு அழுதேன். அந்த ஜப்பான்காரன் வந்து பக்கத்துல உக்காந்தான். ஒண்ணும் பேசல, நானும் எழுந்து போகல. அவன் பேர எடுத்துருங்க. எடத்த விட்டுருங்க," என்றார்.

அடுத்த கூட்டத்தில் முடிவு செய்வார்களாம். செய்யட்டும்.

அவருடைய படமோ தொப்பியோ எனக்கு வேண்டாம். அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டது ஒரு பழக்கம். என் பந்தியில் யாராவது சாப்பிடுகிறவர் பின்னால் போய் நின்றால், மாப்பிள்ளையின் மாமாவாகவே இருந்தாலும் தோளைப் பிடித்து நகர்த்தி மழை அறைக்கு அனுப்பிவிடுவேன். இப்போது பார்க்கிறேன். இத்தனை நாளும் இந்தக் குழு அவர் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு, எப்போது எழுந்திருப்பார் என்றுதான் நின்றிருக்கிறது. அவர் எழுந்துவிட்டார். நான் இன்னும் பந்தியில்தான் நிற்கிறேன், தலைவரே. நகருங்கள்.