செத்த கையோடு ஒரு போன்

அன்று காலை மொன்றியலின் டோர்வல் விமான நிலையத்தில், விமானத்துக்குப் போகும் சாப்பாட்டுத் தட்டுகளை அடுக்கிக்கொண்டு நின்றபோது போன் அடித்தது. திரையில் மரியதாஸ் அண்ணையின் பெயர். எடுத்தவுடனேயே, "என்ன அண்ணை, செத்தாச்சோ?" என்று கேட்டேன். மறுமுனையில் இருந்தது அவருடைய மகள் ஷாமினி. "ஓம் அங்கிள், இப்பதான்," என்றாள். சொன்ன சொல்லைத் திருப்பி விழுங்க வழியிருந்தால் அன்றைக்கு நான் விழுங்கியிருப்பேன்.

அண்ணையை அறிந்தவர்களுக்கு நான் ஏன் அப்படிக் கேட்டேன் என்று விளங்கும். மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். யாழ்ப்பாணத்திலிருந்து கணக்கியல் படிக்க லண்டனுக்குப் போய், கணக்கை விட்டுவிட்டு நடிப்பில் விழுந்தவர் அவர். தலைமுடி கறுத்திருந்த காலத்திலிருந்து அது உதிரும்வரை பிரிட்டிஷ் தொலைக்காட்சியிலும் படங்களிலும் டாக்டராக, கடைக்காரராக, பஸ் கண்டக்டராக, ஒருமுறை ஏதோவொரு நாட்டின் தூதராக வந்தார். முகம் எல்லோருக்கும் தெரியும். பெயர் ஒருவருக்கும் தெரியாது. துப்பறியும் தொடர் என்றால் முதல் விளம்பரம் வருவதற்குள் ஆளை முடித்துவிடுவார்கள். "ஆரோ ஒருத்தன் செத்தால்தானே தம்பி, கதாநாயகனுக்கு வேலை," என்பார்.

அவர் முதன்முதலாகக் கத்திக்குத்து வாங்கிச் சரிந்ததை டீவியில், லண்டன் வீட்டில் கைக்குழந்தையோடு தனியே இருந்து பார்த்தவர் அவருடைய மனைவி றீற்றா அக்கா. நடிப்பென்று தெரிந்தும் அக்கா போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டு வெள்ளைக்காரி ஓடி வந்துவிட்டாளாம். அன்றோடு அக்கா சட்டம் போட்டுவிட்டார். "நடிச்சாலும் சரி, டீவியிலை போனாலும் சரி, செத்த கையோடை எனக்கொரு போன் எடுத்துப்போடோணும்." அண்ணை அதைத் தவறவிட்டதே இல்லை. பூசிய இரத்தத்தைக் கழுவுவதற்கு முதலே போன் எடுப்பார். "றீற்றா, செத்திட்டன்." அக்காவின் பதிலும் மாறாது. "சரி, வாங்கோ. சோறு போட்டு வைக்கிறன்."

மகளோடு இருக்கவென்று இருவரும் மொன்றியலுக்கு வந்து, ரொக்ஸ்பரோவில் எனக்கு அடுத்த வீட்டில் குடியேறினார்கள். இங்கேயும் நடிப்பு அவரை விடவில்லை. பழைய நகரத்துக் கல்வீதிகளை லண்டன் என்று காட்டிப் படம் எடுப்பவர்களுக்கு, லண்டனிலிருந்தே ஒரு கிழவர் வந்திறங்கினால் கசக்குமா? படப்பிடிப்புக்கு என் காரில்தான் போவார். ஒருநாள் டவுன்டவுன் மெற்றோவில் ஒரு பெண்பிள்ளை அவரை உற்றுப் பார்த்துவிட்டு, நீங்கள் அந்தத் தொடரில் கிணற்றுக்குள் செத்துக் கிடந்தவர்தானே என்று பிரெஞ்சில் கேட்டாள். அண்ணை தொப்பியைக் கழற்றி, "மெர்சி, இப்ப கொஞ்சம் சுகம்," என்றார். இறங்குமட்டும் சிரித்துக்கொண்டே வந்தார்.

அக்காவைப் புற்றுநோய் கொண்டுபோனது. அடுத்த மாதம் அவருக்கு ஒரு படப்பிடிப்பு. பனியில் சுட்டுப் போட்ட ஆளாகக் கிடந்து எழும்பி வந்தவர், வழக்கம்போலப் போனைக் கையில் எடுத்தார். எடுத்தவர் அப்படியே நின்றார். நான் கம்பளியோடு பக்கத்தில் நின்றேன். கொஞ்ச நேரத்தில் என்னுடைய போன் அடித்தது. இரண்டடி தள்ளி நின்றுகொண்டு அவர்தான் எடுத்தார். "தம்பி, செத்திட்டன்." "சரி, வாங்கோ அண்ணை. சோறு போட்டு வைக்கிறன்," என்றேன். வேறென்னத்தைச் சொல்ல! அதற்குப் பிறகு அவருடைய எல்லாச் சாவும் என் போனுக்குத்தான் வந்தது.

அன்று திரும்பி வரும்போது காரில் சொன்னார்: "எத்தினை விதமாச் செத்திட்டன். ஒரு படத்திலையாவது கடைசிமட்டும் உயிரோடை இருக்கோணும் தம்பி. அதைப் பாத்திட்டுப் போனால் காணும்."

அப்படியொரு வேடம் போன வருடம் வந்தது. மூலைக்கடைக் கிழவர்; கடைசிக் காட்சியில் கடையைப் பூட்டிவிட்டு வீட்டுக்கு நடந்து போகவேண்டும், அவ்வளவுதான். இதயம் பழுதென்று டாக்டர் மறித்தும் கேட்காமல் போய் நடித்தார். பிறகு ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்துகொண்டு, "எப்பவாம் டீவியிலை போடுறாங்கள்?" என்று நாளுக்கு நாள் கேட்டார். அங்கே டீவியில் தன் பழைய சாவு ஏதாவது போனாலும் விடாமல் எனக்குப் போன் எடுத்தார். போடுவதற்குள் அவர் போய்விட்டார். இந்த அநியாயத்தை நான் யாரிடம் போய்க் கேட்பது?

போன ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் அதைப் போட்டார்கள். ஷாமினி வீட்டில் நாங்கள் இருவர் மட்டும் பார்த்தோம். அண்ணை கடைக் கதவை இழுத்துப் பூட்டினார். சரியாகப் பூட்டியிருக்கிறதா என்று ஒருமுறை தள்ளிப் பார்த்தார். கோட்டுக் கழுத்தை உயர்த்திக்கொண்டு, அவசரமில்லாமல் நடந்து மூலையில் திரும்பினார்.

எனக்கென்று அவர் வைத்துவிட்டுப் போனது, "சோறு போட்டு வைக்கிறன்" என்ற அக்காவின் அந்த ஒரு வசனம்தான். அது இன்னும் என் நாக்கு நுனியில் நிற்கிறது. அன்றைக்கும் என் கை என்னை அறியாமல் சட்டைப்பையில் இருந்த போனுக்குப் போனது. ஷாமினி அதைப் பார்த்துவிட்டாள்.

"இதிலை அப்பா சாகேல்லை அங்கிள்," என்றாள். "போன் வராது."