அடுப்புக் குண்டு

போன வாரம் மருமகளுக்குப் பட்டுப்புடவை எடுக்கக் கடைத்தெருவுக்குப் போயிருந்தேன். கடையின் கண்ணாடிக் கதவு சாத்திக்கொள்ளாமல் இருக்க ஓர் இரும்பு உருண்டையை முட்டுக்கொடுத்திருந்தார்கள். மேலே தங்க வர்ணம் வேறு. புடவை பார்க்க வந்தவன் வாசலிலேயே குந்தி, அதை உருட்டி உருட்டி ஓட்டை இருக்கிறதா என்று தேடினேன். "என்ன மாமா தேடறீங்க? எல்லாரும் பாக்கறாங்க" என்றாள் மருமகள். எல்லாம் ஐம்பது வருஷத்துப் பயம்.

எழுபத்தொன்றாம் வருஷம் எனக்கு முதல் வேலை. காஞ்சிபுரத்துக்கு வடக்கே, பஸ்ஸை விட்டு இறங்கி வரப்பில் நடந்தால் ஒரு மேடு வரும். ஒரு காலத்தில் வெள்ளைக்காரப் படையும் மைசூர்ப் படையும் மோதிய இடம். அங்கே ஒரு பழைய ஓட்டு வீடு. அடிபட்ட சிப்பாய்களைக் கிடத்தியிருந்த வீடாம். சுவரில் குண்டு பாய்ந்த பள்ளங்கள் அப்படியே இருந்தன. அதை மியூசியமாக்கியிருந்தார்கள். டிக்கெட் கிழிப்பது, துருவேறிய வாள்களுக்கு எண்ணெய் போடுவது எல்லாம் நான்தான். "பையன் கவர்மெண்டு" என்று அப்பா தறிக்குழியில் உட்கார்ந்தபடியே தெருவுக்கெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார். பார்க்க வருகிறவர்கள்தான் இல்லை. மழைக்கு ஒதுங்கியவர்களுக்குக்கூட டிக்கெட் கொடுத்த மகானுபாவன் நான்.

வீட்டைக் கொடுத்த விவசாயக் குடும்பம் ஒரு நிபந்தனை போட்டிருந்தது. மார்கழி அமாவாசையன்று அங்கே செத்தவர்களுக்குப் பின்முற்றத்தில் படையல் போட விட வேண்டும். இரண்டு இலை. வெள்ளைக்காரன் பக்கம் செத்தவனுக்கு ஒன்று, மைசூர் பக்கம் செத்தவனுக்கு ஒன்று. பொங்கல் பானையை அடுப்புக் கல்லில் ஏற்ற மாட்டார்கள். ஏர் ஓட்டும்போது மண்ணில் கிடைத்த பீரங்கிக் குண்டு மூன்றின் மேல்தான் ஏற்றுவார்கள். ஏற்றிய பானை பொங்கி வழியும்வரை கீழே இறங்கக்கூடாது. நெருப்பும் அணையக்கூடாது.

அந்த வருஷம் எங்கள் அதிகாரிக்கு அழகுணர்ச்சி பொங்கிவிட்டது. மூன்று அடுப்புக் குண்டில் நல்ல உருண்டையாக இருந்த ஒன்றை எடுத்து, வாசலில் மேடை கட்டி சிமெண்டில் பதித்துவிட்டார். கூடத்தில் காட்சிக்கு வைத்திருந்த மற்றக் குண்டுகளைப் பூட்டிச் சாவியையும் தன் ஊருக்குக் கொண்டுபோய்விட்டார். பூட்டாமல் இருந்தது பின்னறை மட்டும்தான். அங்கே மூலையில் ஒரே ஒரு குண்டு தனியாக இருந்தது. சுற்றிப் பார்க்க வந்த பழைய ராணுவக்காரர் ஒருவர் அதிலிருந்த ஓட்டையையும் அதை அடைத்திருந்த மரத்தக்கையையும் காட்டி, "உள்ளே வெடிமருந்து இருக்கு, சூடு காட்டிடாதீங்க" என்று எச்சரித்துவிட்டுப் போனதால் ஒதுக்கி வைத்தது.

அமாவாசையன்று வாளுக்கு எண்ணெய் எடுக்கப் பின்னறைக்குப் போனேன். மூலை காலி. மூன்றாவது அடுப்புக் குண்டுக்குப் பதில் இதைத் தூக்கிப் போயிருக்கிறார்கள். முற்றத்துக்கு ஓடினேன்.

அடுப்பு திகுதிகுவென்று எரிந்துகொண்டிருந்தது. பானைமுன் அந்த வீட்டுப் பெரிய மருமகள் கன்னியம்மா. சுற்றிலும் பெண்கள், குழந்தைகள்.

"யக்கா! நெருப்ப அணை! அந்தக் குண்டு வெடிக்கும்!"

"இன்னாபா ஒளர்ற? எத்தினி காலமா மண்ணுல கெடந்தது, இப்பவா வெடிக்கும்?"

நான் தண்ணீர்க் குடத்தைத் தூக்கினேன். அவள் எழுந்து குறுக்கே நின்றாள். அவளுடைய ஒரே மகன் ஏழுமலை பட்டாளத்தில் இருந்தான். முந்தின நாள்தான் எல்லையில் சண்டை ஓய்ந்ததென்று ரேடியோவில் சொல்லியிருந்தார்கள். அவனைப் பற்றி ஒரு சேதியும் இல்லை.

"என் புள்ள எங்க கெடக்கறான்னே தெரியல. இந்த நெருப்ப அணைச்சிடுவியா நீ?"

"ஓட்டையப் பாருக்கா!"

குனிந்து பார்த்தாள். மரத்தக்கை கருகிப் புகைந்துகொண்டிருந்தது. அவள் முகம் மாறியது. "பசங்கள இட்டுக்கினு ஓடுங்கடி!" என்று கத்தினாள். முற்றம் காலியானது. நனைத்த கோணியை இரண்டு கையிலும் சுற்றிக்கொண்டு பானையைத் தூக்கி நெருப்புக்கு மேலேயே பிடித்தாள்.

"பானை எறங்கக்கூடாது. நீ குண்டத் தள்ளு."

மண்வெட்டியால் தள்ளினேன். சனியன், நேராக உருண்டால்தானே! முற்றத்தை ஒட்டிய வயல் வரப்பில் போய் முட்டி நின்றுவிட்டது. கண்ணை இறுக்கிக்கொண்டு இன்னொரு தள்ளு. வரப்புக்கு அந்தப்பக்க வாய்க்காலுக்குள் விழுந்து 'சொய்ங்' என்றது. வெடிக்கவில்லை. வெடித்திருந்தால் உங்களிடம் இப்படிக் கதையளந்துகொண்டிருப்பேனா?

திரும்பி வந்தபோது கோணி காய்ந்து அவள் கை வெந்துகொண்டிருந்தது. நானும் ஒரு பக்கம் பிடித்தேன். பொங்கி வந்த நேரத்தில் என் பிடி வழுக்கிப் பானை சாய்ந்து, பொங்கல் என் பக்கமாக, மேற்கே வழிந்தது. கிழக்கே வழிந்தால்தான் நல்லது என்பார்கள். அவள் பார்த்தாள்.

தை பிறந்ததும் சேதி வந்துவிட்டது. ஏழுமலை இல்லை.

எனக்குச் சோறு இறங்கவில்லை. என்னால்தான் என்று மனசு அரித்தது. அவள் கண்ணில் படாமல் ஏரிக்கரையைச் சுற்றிக்கொண்டு வேலைக்குப் போனேன். ஒருநாள் அவளே டிக்கெட் ஜன்னலுக்கு வந்துவிட்டாள். உள்ளங்கைப் புண் ஆறியிருக்கவில்லை.

"எந்த நாளுன்னு சேதி சொன்னவங்களக் கேட்டுக்கினேன்பா. அமாவாசைக்கு முன்னாடியே போயிட்டான். பானை சாஞ்சதுக்கும் அதுக்கும் சம்பந்தம் இல்ல. நீ மூஞ்சிய மறைச்சிக்கினு திரியாத. சாப்புடு."

நான்தான் விசும்பி அழுதேன். அடுத்த மார்கழியில் ஏழுமலைக்கென்று மூன்றாவதாக ஒரு இலையை என் கையில் கொடுத்து, "நீ போடு" என்றாள். அவள் இருந்தவரை ஒவ்வொரு வருஷமும் நான்தான் போட்டேன்.

கடை உருண்டையில் ஓட்டை இல்லை. அடியில் தங்க வர்ணத்துக்குள்ளே சிமெண்டுப் பொருக்கு ஒட்டியிருந்தது, அதிகாரி வாசல் மேடையில் பதித்த அந்த அடுப்புக் குண்டுபோல. "பழைய இரும்புல வாங்கினது சார்" என்றார் கடைக்காரர். அந்த மியூசியம் வீட்டை இடித்து மேட்டைச் சமப்படுத்தி மனை போட்டுவிட்டார்கள். போன மார்கழி அமாவாசைக்கு ஒரு இலையோடு போனேன். எல்லாத் தெருவும் ஒரே மாதிரி இருந்தது. எங்கே போடுவதென்று தெரியாமல் இலையோடு திரும்பி வந்தேன்.