கட்டைவிரலின் சாட்சி

எனக்கு வாய் நீளம். பிறந்த வீட்டிலும் சொன்னார்கள், புகுந்த வீட்டிலும் சொன்னார்கள், எனக்கே தெரியும். அந்த வாயால் என் வீட்டுக்காரரைப் பார்த்து ஒருநாள் ஒன்று சொன்னேன். அதைச் சொல்லிவிட்டு நான் இத்தனை வருடம் சோறு தின்று உயிரோடு இருக்கிறேன் என்பதே எனக்கு ஆச்சரியம்தான்.

மல்லசமுத்திரத்துக்கு மேற்கே எங்கள் தோட்டம். ஒரு கிணறு, ஒரு ஜோடி எருது, ஒரே மகள். விடிந்தும் விடியாமலும் அவர் கிணற்றில் கவலை ஏற்றம் பூட்டி, எருதுகளோடு சரிவில் இறங்குவதும் ஏறுவதுமாகத் தண்ணீர் இறைப்பார். வெயில் சுடும்போதுதான் நிறுத்துவார். சாயங்காலம் பனங்கள். ஒரு நாளும் தவறாது. குடித்துவிட்டு அடிக்கிற ஆள் இல்லை. சிரித்துக்கொண்டே வருவார், அந்தச் சிரிப்பைப் பார்த்தால்தான் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒரு காலையில் அவரால் வலது காலைத் தரையில் ஊன்ற முடியவில்லை. கட்டைவிரலின் அடிமூட்டு பழுத்த மிளகாய் நிறத்தில் வீங்கி, தோல் மினுமினுத்தது. வேட்டி நுனி பட்டாலே பல்லைக் கடித்தார். ஊர் வைத்தியர் வந்து பார்த்தார்.

"இது கள்ளு எறங்குன வாதமுங்க. கள்ளை உட்டாக் கால்வலியும் உட்டுரும்" என்றார்.

பத்து நாளில் வீக்கம் தானாக வடிந்தது. கள்ளை அவர் விடவில்லை. அடுத்த வருடமும் வீங்கியது, வடிந்தது.

அப்புறம் எங்கள் ஜில்லாவில் சர்க்காரே கள்ளுக்கடைகளை மூடிவிட்டது. பெண்பிள்ளைகள் நாங்கள் கோயிலுக்குப் போய்ப் பொங்கல் வைத்தோம். ஆனால் ஓடைப் பக்கம் திருட்டுத்தனமாகச் சாராயம் காய்ச்சுகிறார்கள் என்று பேச்சு வந்தது. எனக்கு நம்பிக்கை இல்லை. மகளைக் கூப்பிட்டு அவர் முன்னால் நிறுத்தினேன். அவளுக்கு அப்போது ஆறு வயது.

"இவ தலைமேல கை வெச்சுச் சொல்லுங்க. இனித் தொடமாட்டேன்னு சொல்லுங்க."

அவர் வெகுநேரம் அவள் உச்சியையே பார்த்தார். பிறகு கை வைத்துச் சொன்னார். அவள் என்னவோ விளையாட்டு என்று நினைத்துச் சிரித்தாள்.

கள் விட்ட உடம்பு இளைத்துப் போகும் என்பார்கள். அவரை இளைக்க விடக்கூடாது என்று எனக்கு ஒரே ரோசம். கள்ளுக்குப் போன காசு கறிக்குப் போனது. வாராவாரம் சந்தையன்று ஆட்டு ஈரல், மிளகு தூக்கலாகப் போட்டு வறுத்துத் தட்டில் வைப்பேன். நானும் மகளும் ஆளுக்கு ஒரு துண்டு எடுத்துக்கொள்வோம், மீதி எல்லாம் அவருக்கு.

மூன்று மாதம்கூட ஆகவில்லை. கட்டைவிரல் மறுபடியும் வீங்கியது.

"எங்க குடிச்சீங்க?" என்றேன்.

"குடிக்கலை அம்மிணி."

"பின்ன எப்படி வீங்குச்சு?"

"எனக்கென்ன தெரியும்? குடிக்கலை."

வைத்தியர் வந்து மூட்டை அமுக்கினார். இவர் கத்திய கத்தலில் தொழுவத்து எருது எழுந்து நின்றது. வைத்தியர் என்னைப் பார்த்து, "வாய் எதை வேணாலுஞ் சொல்லுமுங்க. காலு பொய் சொல்லுமுங்களா?" என்றார். அதற்குமேல் எனக்கு வேறு சாட்சி வேண்டியிருக்கவில்லை.

கோபத்தோடுதான் வைத்தியம் பார்த்தேன். உப்பையும் தவிட்டையும் வறுத்து மூட்டை கட்டி ஒத்தடம் கொடுத்தேன். சூடு பட்டதும் துடித்தார். துடிக்கட்டும் என்று இன்னும் ஒருதரம் வைத்தேன். நொச்சித் தழை வதக்கிக் கட்டினேன். காலுக்குக் கால் என்று ஆட்டுக்கால் சூப்பு வைத்துக் காலையும் மாலையும் கொடுத்தேன். மறுக்காமல் குடித்தார். முன்பு பத்து நாளில் வடிந்தது இந்தத் தடவை இருபது நாள் நின்றது. உள்ளே போன சாராயம் அவ்வளவு என்று நினைத்துக்கொண்டேன். அந்த இருபது நாளும் நானே எருதுகளை ஓட்டித் தண்ணீர் இறைத்தேன், ஒவ்வொரு இறக்கத்துக்கும் அவரை ஒரு வசவு வைதுகொண்டு.

மகள் மட்டும் அவர் பக்கம். பனை ஓலை விசிறியால் காலுக்கு விசிறிக்கொண்டே, "எங்கப்பன் குடிக்கலை" என்பாள். "நீ சும்மா இரு, சாமி" என்று அவளை இழுத்துக்கொண்டு போவேன்.

அடுத்த ஆடியில் அவளுக்குக் காய்ச்சல் வந்தது. எட்டு நாள். ஒன்பதாம் நாள் காலையில் போய்விட்டாள். அதை எழுத என்னிடம் சொல் இல்லை.

சனம் கூடியிருந்தது. அவர் சுவரோரம் உட்கார்ந்து அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் அத்தனை பேர் முன்னால் சொன்னேன்: "உங்க பொய்ச் சத்தியந்தானுங்க எம்புள்ளையக் கொண்டுட்டுப் போச்சு."

ஒருவரும் என்னைத் தடுக்கவில்லை.

அதற்குப் பிறகு அவர் 'குடிக்கலை' என்ற சொல்லையே விட்டுவிட்டார். கால் வீங்கினால் என்னிடம் சொல்லாமல் மாட்டுத் தொழுவத்தில் போய்ப் படுத்துக்கொள்வார். எருது பூட்ட ஆள் வராததைப் பார்த்துத்தான் எனக்குத் தெரியும். பேசாமல் சூப்பு வைத்துக் கொண்டுபோய் அவர் பக்கத்தில் வைப்பேன். வாரத்துக்கு ஒருநாள் ஈரல் மட்டும் நிற்கவில்லை. அவர்மேல் எவ்வளவு வெறுப்பு இருந்தாலும் பட்டினி போட எனக்கு மனம் வரவில்லை.

அப்படியே நாலு வருடம். அப்போது உலகச் சண்டைக் காலம், மண்ணெண்ணெய் கிடைக்காது, பஸ்கூடக் கரிப்புகையில்தான் ஓடியது. அந்த வருடம் வீக்கம் கட்டைவிரலோடு நிற்காமல் கணுக்காலுக்கும் முழங்காலுக்கும் ஏறி, காய்ச்சலும் சேர்ந்துகொண்டது. வைத்தியர் கையை விரித்துவிட்டார். வண்டியில் ரோட்டுக்குக் கொண்டுவந்து, அந்தக் கரி பஸ்ஸில் ஏற்றித் திருச்செங்கோட்டில் ஒரு டாக்டரிடம் கொண்டுபோனேன்.

டாக்டர் மூட்டைத் தொடாமலே பார்த்தார். "குடிப்பழக்கம் உண்டா?" என்று கேட்டார்.

அவர் டாக்டரைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார். "அவளைக் கேளுங்க" என்றார்.

"கடை மூடுனதுல இருந்து இல்லைங்கறாருங்க" என்றேன்.

"சாப்பாடு?"

அதைச் சொல்ல எனக்குப் பெருமை. வாராவாரம் ஈரல், கால் வீங்கினால் இரண்டு வேளையும் ஆட்டுக்கால் சூப்பு, ஒரு குறையும் வைத்ததில்லை என்று சொன்னேன். டாக்டர் பேனாவைக் கீழே வைத்தார்.

"இதற்குக் கவுட் என்று பேர். குடித்தால் கிளம்பும், நிஜம். குடிக்காதவருக்கும் வரும். ஈரல், மூளை, எலும்புச் சூப்பு எல்லாம் இதற்குத் தீனி. நீங்கள்தான் அம்மா, தெரியாமல் தீனி போட்டு வளர்த்திருக்கிறீர்கள்."

அவர் படுத்தபடியே தலையைத் தூக்கினார்.

"குடிக்காமயே வருமுங்களா?"

"வரும்."

"ஒரு சொட்டு குடிக்காமயே?"

"வரும் என்கிறேனே."

"அதை ஒரு சீட்டுல எழுதிக் குடுங்க, சாமி."

டாக்டருக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனாலும் மருந்துச் சீட்டின் பின்பக்கம் தமிழில் எழுதிக் கொடுத்தார். கசப்புச் சொட்டு மருந்து ஒரு குப்பி கொடுத்து, அளவு மிஞ்சக்கூடாது, வயிறு கழிய ஆரம்பித்தால் நிறுத்திவிடுங்கள் என்றார். ஒத்தடம் கூடாது, காலைத் தலையணைமேல் தூக்கி வைக்க வேண்டும், தண்ணீர் நிறையக் குடிக்க வேண்டும் என்றும் சொன்னார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் சீட்டை என்னிடம் நீட்டினார். அவருக்கு எழுத்துத் தெரியாது; நான் மூன்றாவது வரை படித்தவள். "படி" என்றார்.

"இந்த வாதம் குடியாத ஆளுக்கும் வரும்" என்று படித்தேன்.

"இன்னொருக்காப் படி."

படித்தேன்.

"எனக்கே சந்தேகமா இருந்துச்சு அம்மிணி. நெனப்பில்லாம எங்கயாச்சும் குடிச்சுப்போட்டனோன்னு" என்றார். சீட்டை வாங்கி மடித்துக்கொண்டார்.

இரண்டு நாளில் வலி இறங்கியது. மூன்றாம் நாள் சுவரைப் பிடித்து எழுந்து நின்றார். ஒரு காலை இழுத்து இழுத்து நடந்துபோய், பரண்மேலிருந்து ஒரு தகர டப்பாவை எடுத்தார். மகளுடைய கண்ணாடி வளையலும் ரிப்பனும் இருக்கிற டப்பா. நாலு வருடமாக நாங்கள் அதைத் திறந்ததில்லை. அவர் திறந்து, அந்தச் சீட்டை வளையல்களுக்கு அடியில் வைத்து மூடினார்.

அது எனக்காக எழுதி வாங்கிய சீட்டு என்று அதுவரை நினைத்துக்கொண்டிருந்தேன். நான் அடுப்படிக்குப் போய், அவருக்குக் கம்பங்கஞ்சி கரைத்தேன்.